இது நீங்கள்தானா?

"கேம் போன்ல இல்லம்மா."

"பின்ன எங்கடா இருக்கு?"

"மேல."

"மேலன்னா? மாடிலயா?"

"மாடில இல்லம்மா. மேல. ஆகாசத்துலன்னு வச்சுக்கோயேன். இந்தப் போன் உடைஞ்சாலும் சரி, தண்ணில விழுந்தாலும் சரி, என் தோட்டத்துக்கு ஒண்ணும் ஆகாது. என் ஐடிய போட்டு எந்த டப்பாவத் தொறந்தாலும் விட்ட இடத்துலேந்து அப்படியே வந்துரும். புரிஞ்சுதா?"

"புரியல."

"உனக்குப் புரிய வெக்கிற நேரத்துல நான் இன்னொரு தோட்டமே போட்டுருவேன்."

அப்படித்தான் என் மகன் யோகேஷ் எனக்குச் சொல்லிக் கொடுத்தான். போனில் இருக்கும் ஒரு விளையாட்டை டேப்லெட்டுக்கு மாற்றுவது சின்ன வேலைதான், மேடம். குக்கருக்குக் கேஸ்கட் மாற்றத் தெரிந்தவர்கள் யாரும் செய்துவிடலாம். எனக்கு வராது என்று வீட்டில் எல்லோரும் நினைத்துக்கொண்டிருந்தார்கள். நானும் அப்படியே நினைக்கட்டும் என்று விட்டுவிட்டேன்.

உங்கள் அம்மா திருமுல்கேரித் தமிழர், தமிழிலேயே பேசலாம் என்று வெளியே இருந்த கான்ஸ்டபிள் சொன்னார். நிம்மதியாக இருந்தது. என் மருமகள் மைதிலி விஷயம் முடிந்துவிட்டது, துக்கத்தில் தற்கொலை செய்துகொண்டாள் என்று எழுதியாகிவிட்டது, இனிமேல் வாக்குமூலம் எதற்கு என்று கேட்டீர்கள். காரணம் இருக்கிறது. உங்களிடம் ஒன்று கேட்கவேண்டும். அதைக் கடைசியில் கேட்கிறேன். முன்கதை தெரியாமல் கேட்டால் தப்பாக நினைத்துக்கொள்வீர்கள்.

என் மாமனார் காலத்தில் அரக்கோணத்திலிருந்து ரயில்வே பட்டறை வேலைக்காக இந்தத் தெலுங்கு ஊருக்கு வந்த குடும்பம் எங்களுடையது. என் வீட்டுக்காரர் வேதாசலமும் அதே பட்டறையில் வேலை பார்த்து, அல்வாலில் இந்த வீட்டைக் கட்டிவிட்டுப் போய்ச் சேர்ந்தார். கீழே ஹால், அடுக்களை, இரண்டு அறை. மேலே ஒரே ஒரு அறையும் மொட்டைமாடியும். மேல் அறை யோகேஷுடையது.

அவன் இந்த ஊர் உருதுப் பேச்சு பேசும் தெருப் பையன்களோடு வளர்ந்தவன். ஆமாம் என்று அவன் வாயில் வரவே வராது. ஹவ் என்பான். வேண்டாம் என்பதற்கு நக்கோ. "வீட்டுக்குள்ள அந்தப் பேச்சு வேணாம்டா" என்று எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறேன். "ஹவ்ம்மா, இனிமே சொல்ல மாட்டேன்" என்று அதையே சொல்லிச் சிரிப்பான். என் வாயிலிருந்து அந்த வார்த்தை ஒருநாளும் வந்ததில்லை. தெருவில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். இதை மறந்துவிடாதீர்கள், மேடம். பின்னால் தேவைப்படும்.

மைதிலிக்கு ஊர் விருதுநகர். நிச்சயம் ஆனதற்கும் கல்யாணத்துக்கும் நடுவில் சில மாதங்கள் இருந்தன. போனில் பேசினால் அவர்கள் வீட்டில் எல்லோருக்கும் காது நீண்டுவிடுமாம். அதனால் இரண்டு பேரும் தோட்டம் போடுகிற ஒரு கேமில் பக்கத்துப் பக்கத்து மனை வாங்கிக்கொண்டார்கள். அவன் இங்கே செடி நடுவான், அவள் அங்கே தண்ணீர் ஊற்றுவாள். இரண்டு தோட்டத்துக்கும் நடுவில் ஒரு மரக்கேட். அந்தக் கேமில் ஆரஞ்சு நிறத்தில் ஒரு பூ உண்டு. அதன் பெயர் வேறு என்னவோ. அவளுக்காக அதற்குக் கனகாம்பரம் என்று பெயர் வைத்து, கேட் ஓரம் முழுக்க அதையே நட்டிருந்தான். கல்யாணமாகி ஒரே வீட்டுக்கு வந்த பிறகும் இரண்டு பேரும் சோபாவின் இரண்டு மூலையில் உட்கார்ந்துகொண்டு ஒருவருக்கொருவர் பூக்கூடை அனுப்பிக்கொள்வார்கள். அடுக்களையிலிருந்து பார்த்தால் எனக்கும் மனசு நிறைந்துதான் இருக்கும்.

எனக்கு டேப்லெட் வாங்கிக் கொடுத்தது அப்போதுதான். முதலில் தன்னுடைய தோட்டத்தை அதில் ஏற்றிக் காட்டினான். பிறகு அதை எடுத்துவிட்டு என் பெயரில் ஒன்று தொடங்கிக் கொடுத்தான். நான் கத்திரிக்காய் நட்டேன்.

"ஒரே டப்பாவுல ரெண்டு தோட்டம் நிக்காதும்மா. இன்னொரு ஐடில உள்ள போனா எத வச்சுக்கறதுன்னு கேக்கும். பாத்துத் தொடு. தொடாதது அழிஞ்சு போயிரும், திரும்ப வராது."

"அத்தைக்கு எதுக்குங்க இம்புட்டு சொல்றீங்க?" என்றாள் மைதிலி. "அவுகளுக்கு டேப்லெட்டுன்னா பிரஷருக்கு ஒண்ணு, சுகருக்கு ஒண்ணு."

அதிலிருந்து தினமும் காலையில் "டேப்லெட் போட்டாச்சா அத்தை?" என்று கேட்பாள். மாத்திரையைக் கேட்கிறாளா கேமைக் கேட்கிறாளா என்று தெரியாதபடி முகத்தை வைத்துக்கொள்வாள். நானும் சிரிப்பேன். மாமியார் மருமகள் சண்டை எங்கள் வீட்டில் கிடையாது. இதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

ஒரு மழை நாளில் யோகேஷின் பைக் சறுக்கியது. பின்னால் லாரி வந்தது. அதைப் பற்றி இவ்வளவு போதும்.

ஆஸ்பத்திரியில் ஒரு பிளாஸ்டிக் கவரில் அவனுடைய வாட்ச், பர்ஸ், போன் எல்லாம் கொடுத்தார்கள். போனின் கண்ணாடி சிலந்தி வலைபோல விரிந்திருந்தது. மைதிலி அந்தக் கவரைப் பிரிக்காமல் பீரோவில் அவன் சட்டைகளுக்கு அடியில் வைத்தாள். அதற்குப் பிறகு அவள் சாப்பிடவில்லை. தண்ணீர் குடித்தாள், தன் போனைப் பார்த்தாள். அந்தக் கேமில் சொந்தக்காரர் வராவிட்டால் செடிகள் மஞ்சளாகும், அப்புறம் களை ஏறும். பக்கத்துத் தோட்டக்காரருக்கு அவர் இருக்கும்வரைதான் தண்ணீர் ஊற்ற முடியும். அவர் வராமல் போய்விட்டால் பார்க்கலாம், தொட முடியாது.

"அத்தை, கனகாம்பரம் காயுது" என்றாள் ஒருநாள். அந்த வாரம் முழுக்க அவள் பேசியது அது ஒன்றுதான்.

மறுநாள் அவள் குளிக்கப் போனபோது பீரோவிலிருந்து அந்தப் போனை எடுத்துச் சார்ஜில் போட்டேன். உயிர் வந்தது. டேப்லெட்டில் அவன் ஐடியைப் போட்டேன். பாஸ்வேர்டு என் பெயர்தான், கூட வீட்டு நம்பர். டேப்லெட், அவன் போனைப் பார் என்றது. போனில் ஒரு கேள்வி வந்திருந்தது. இங்கிலீஷில்தான், ஆனால் அவ்வளவு இங்கிலீஷ் எனக்குத் தெரியும். இது நீங்கள்தானா என்று கேட்டது. ஆம், இல்லை என்று கீழே இரண்டு கட்டம்.

ஆம் என்பதைத் தொட்டேன். விரலில் கண்ணாடிச் சில் ஏறியது.

பிறகு டேப்லெட் கேட்டது, இதில் ஏற்கெனவே இருக்கும் வசந்தகுமாரி தோட்டத்தை வைத்துக்கொள்வதா, யோகேஷ் தோட்டத்தை வைத்துக்கொள்வதா என்று. பார்த்துத் தொட்டேன். என் கத்திரிக்காய்கள் போயின. மீண்டும் வருக, யோகேஷ் என்று எழுத்துகள் ஓடின. கேட் ஓரத்தில் எல்லாம் மஞ்சளாக நின்றது. ஒவ்வொன்றாகத் தண்ணீர் ஊற்றினேன். போனை அணைத்து இருந்த இடத்திலேயே வைத்தேன். அதற்கப்புறம் அந்தப் போன் எரியவே இல்லை. அதன் கடைசி வேலை எனக்குப் பதில் சொன்னதுதான்.

அன்று மத்தியானம் மைதிலி அடுக்களை வாசலில் வந்து நின்றாள்.

"அத்தை, யாரோ தண்ணி ஊத்தியிருக்காக."

"எங்கம்மா?"

நேராகப் பீரோவுக்குப் போனாள். கவரைப் பிரித்துப் போனை அழுத்தி அழுத்திப் பார்த்தாள். இருட்டாகவே இருந்தது. அப்படியே தரையில் உட்கார்ந்தாள். கொஞ்ச நேரம் கழித்துத் தோசை கேட்டாள். மேடம், அந்தப் பெண் அத்தனை நாள் கழித்துத் தோசை கேட்டாள். நீங்களாக இருந்தால் அடுத்த நாள் தண்ணீர் ஊற்றாமல் இருந்திருப்பீர்களா?

அவள் படித்தவள், சாஃப்ட்வேர் கம்பெனியில் வேலை பார்த்தவள், எப்படி நம்பினாள் என்று நீங்கள் யோசிப்பது தெரிகிறது. அவள் லேசில் நம்பவில்லை. கேம் கம்பெனிக்கு எழுதிக் கேட்டாள். கணக்கு நல்லபடியாக இருக்கிறது, அதன் உரிமையாளர் தினமும் வந்து போகிறார் என்று பதில் வந்தது. அதை எனக்குத் தமிழில் படித்துக் காட்டினாள். "உரிமையாளர்னு போட்டிருக்கு அத்தை." நான் கீரை ஆய்ந்துகொண்டிருந்தேன். "நல்லா இருக்கட்டும்மா" என்றேன்.

அவள் அண்ணன் குமரவேல் ஊருக்குக் கூட்டிப் போக வந்தார். "இன்னும் கொஞ்ச நாள் அத்தை கூட இருக்கேண்ணே" என்று அவரைத் திருப்பி அனுப்பிவிட்டாள். அன்றுதான் எனக்கு ஒன்று புரிந்தது. தோட்டம் பச்சையாக இருக்கும்வரை இவள் இந்த வீட்டை விட்டுப் போகமாட்டாள். அதற்கு முன்னால் அப்படி ஒரு எண்ணம் எனக்குக் கிடையாது. சத்தியமாகச் சொல்கிறேன்.

ஒவ்வொரு தோட்டத்து வாசலிலும் ஒரு பலகை உண்டு. அதில் நாலைந்து வார்த்தை எழுதலாம், அடுத்த தோட்டக்காரர் கீழே பதில் எழுதலாம். ஒருநாள் தன் பலகையில் அவள் எழுதினாள்: இருக்கீங்களா?

குக்கர் விசில் அடித்துக்கொண்டிருந்தது. எந்த வார்த்தையைப் போட்டால் அது அவன்தான் என்று அவள் நம்புவாள் என்று எனக்குத் தெரியும். எழுதினால் யாருக்கும் என்மேல் சந்தேகம் வராது என்பதும் தெரியும். ஹவ் என்று எழுதினேன். என் வாழ்க்கையில் முதல் தடவை. எழுதிவிட்டு உதட்டுக்குள் சொல்லியும் பார்த்தேன். அவன் குரல் மாதிரியேதான் இருந்தது.

ஹாலில் அவள் அழுத அழுகையைக் கேட்டேன். துக்கத்தில் அழுகிறவர்கள் அப்படி அழமாட்டார்கள்.

அதன்பின் அவள் தேறினாள். வேலைக்குப் போனாள், கொஞ்சம் சதை போட்டாள். ஆபீஸ் பக்கம் என்று குகட்பள்ளியில் ஒரு லேடீஸ் ஹாஸ்டலில் தங்கிக்கொண்டு வாரக் கடைசியில் என்னிடம் வந்தாள். ஒரு சனிக்கிழமை சாப்பிடும்போது தட்டைப் பார்த்தபடியே சொன்னாள்.

"அத்தை, எங்க டீம்ல கிருஷ்ணகுமார்னு ஒருத்தர். எல்லாம் தெரியும் அவருக்கு. நீங்க சரின்னு சொன்னாத்தான்."

"நல்ல விஷயம்தானேம்மா" என்றேன். தலையைத் தடவிக் கொடுத்தேன். ரசம் ஊற்றினேன். அவள் என் கையைப் பிடித்துக் கன்னத்தில் வைத்துக்கொண்டாள். நான் சொன்னது மனதாரச் சொன்னதுதான். ஆனால் கல்யாணம் என் ஒருத்தி சம்மதத்தில் நடக்கிற காரியமா, மேடம்? யோகேஷ் என்ன நினைப்பான் என்று ஒன்று இருக்கிறதே.

நான் தண்ணீர் ஊற்றுவதை நிறுத்தினேன். கனகாம்பரம் மஞ்சளானது. அவள் பார்த்தும் ஒன்றும் எழுதவில்லை. இரண்டு தோட்டத்துக்கும் நடுவில் இருந்த கேட்டை மூடினேன்.

அன்றைக்கே பஸ் பிடித்து வந்துவிட்டாள். வேலை நாள். முகமெல்லாம் வேர்த்திருந்தது. செருப்பைக் கழற்றிவிட்டு யோகேஷ் படத்துக்கு முன்னால் போனோடு உட்கார்ந்தாள். நான் அடுக்களையில் டேப்லெட்டை அரிசி டின் மேல் சாய்த்து வைத்திருந்தேன். பலகையில் எழுத்து வந்தது: கோபமா?

ஹவ் என்று போட்டேன்.

கொஞ்ச நாள் கழித்து அந்தக் கிருஷ்ணகுமார் வீட்டுக்கு வந்தார். நல்ல பையன். நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார். டீயும் ஓஸ்மானியா பிஸ்கட்டும் வைத்தேன், தொடவில்லை.

"ஆன்ட்டி, யாரோ மைதிலி ஹஸ்பண்டோட அக்கவுண்ட யூஸ் பண்றாங்க. நான் சொன்னா மைதிலி நம்ப மாட்டேங்கறாங்க. நீங்க சொன்னா கேப்பாங்க."

"எனக்கு ஒரு போட்டோ அனுப்பக்கூடத் தெரியாதுப்பா. இதெல்லாம் நான் என்னத்தக் கண்டேன்."

"யாரா இருந்தாலும் மைதிலிய மெதுவா கொல்றாங்க ஆன்ட்டி."

டேப்லெட் அவருக்குப் பின்னால் ஃப்ரிட்ஜின் மேல் இருந்தது. திரும்பியிருந்தால் பார்த்திருப்பார். பிஸ்கட்டையாவது எடுத்துக்கொள்ளுங்கள் என்று தட்டை நகர்த்தினேன். எழுந்து போய்விட்டார்.

மைதிலி ஹாஸ்டலைக் காலி செய்துவிட்டு அல்வாலுக்கே வந்தாள். வேலையையும் விட்டாள். நான் கேட்டைத் திறந்துவிட்டேன், நிறையத் தண்ணீர் ஊற்றினேன். அவள் ஹாலில் இருப்பாள், நான் அடுக்களையில் இருப்பேன், நடுவில் பூக்கூடைகள் போகும் வரும். அந்த மாதங்களில் எங்கள் வீட்டில் மூன்று பேர் இருந்தோம். அவள் இளைத்துக்கொண்டே வந்தது எனக்குத் தெரியாமல் இல்லை. அவளுக்குப் பிடித்ததாகப் பார்த்துத்தான் சமைத்தேன். பக்கத்து வீட்டு நாகம்மா ஒருநாள் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "அந்தப் பொண்ண அவங்க ஊருக்கு அனுப்பிடு அக்கா, கண்ணப் பாத்தா பயமா இருக்கு" என்றாள். நாகம்மாவிடம் அதற்கப்புறம் நான் பேச்சு வைத்துக்கொள்ளவில்லை.

குமரவேல் போன் செய்தார். வெள்ளிக்கிழமை வருகிறேன், இந்தத் தடவை தூக்கிக்கொண்டாவது போய்விடுவேன், மதுரையில் டாக்டரிடம் சொல்லி வைத்திருக்கிறேன், முதலில் அந்தப் போனைப் பிடுங்கவேண்டும் என்றார். ஸ்பீக்கரில் போட்டிருந்தாள். நானும் கேட்டேன். போனை வைத்துவிட்டு என்னைப் பார்த்தாள். முடியாது என்று சொல்லத் தெம்பு அவளிடம் மிச்சம் இல்லை.

வியாழக்கிழமை மத்தியானம் நான் அரிசி களைந்துகொண்டிருந்தேன். பலகையில் எழுத்து வந்தது.

மேல வந்துரட்டா?

இந்த இடத்தை நீங்கள் கவனமாக எழுதிக்கொள்ளவேண்டும். அவள் போனில் இதைப் பார்த்திருப்பீர்கள். கீழே இருக்கும் பதிலையும் பார்த்திருப்பீர்கள். ஏதோ பழைய விளையாட்டுப் பேச்சு என்று விட்டிருப்பீர்கள். மேல் அறை யோகேஷுடையது என்று முதலிலேயே சொன்னேன். அவன் போனபின் அதைப் பூட்டியே வைத்திருந்தோம். அந்த அறைக்குப் போய் இருந்துகொள்ளட்டுமா என்றுதான் கேட்கிறாள் என்று நான் எடுத்துக்கொண்டேன். இத்தனை நாளும் எனக்கு நானே அப்படித்தான் சொல்லி வந்தேன்.

ஆனால் அந்த அறையின் சாவி என் இடுப்பில் இருந்தது. அறைக்குப் போகவேண்டும் என்றால் அடுக்களைக்கு வந்து அத்தை, சாவி என்று கேட்டிருப்பாள். யோகேஷிடம் கேட்கமாட்டாள். போன் உடைந்தாலும் எல்லாம் மேலே பத்திரமாக இருக்கும் என்று அவன் எனக்குச் சொன்னபோது அவளும் அதே சோபாவில்தான் உட்கார்ந்திருந்தாள். எந்த மேலே என்று எனக்குத் தெரியும், மேடம்.

நக்கோ என்று எழுதியிருக்கலாம். அதுவும் அவன் வார்த்தைதான். அவன் சொன்னால் அவள் கேட்டிருப்பாள். மறுநாள் விருதுநகருக்குப் போயிருப்பாள், டாக்டரைப் பார்த்திருப்பாள், தேறியிருப்பாள். போனைப் பிடுங்கியிருப்பார்கள். கொஞ்ச நாளில் அந்தக் கிருஷ்ணகுமாரோ வேறு யாரோ. இரண்டு பேரும் சேர்ந்து போட்ட தோட்டத்தில் பாதி களை ஏறிக் கிடக்கும்.

கையைத் துடைத்துக்கொண்டு ஹவ் என்று எழுதினேன்.

படியில் ஏறும் சத்தம் கேட்டது. கொலுசு போட்டிருந்தாள், அன்று காலையில்தான் எடுத்துப் போட்டாள். மேல் அறை வாசலில் அந்தச் சத்தம் நிற்கும் என்று பார்த்தேன். நிற்கவில்லை. மொட்டைமாடிக் கதவின் தாழ்ப்பாள் கொஞ்சம் இறுக்கம், அதைத் திறக்க அவளுக்கு நேரம் பிடித்தது. கூப்பிட நேரம் இருந்தது என்று சொல்ல வருகிறேன். நான் அரிசியை இன்னொரு தண்ணீர் களைந்தேன்.

அவ்வளவுதான். இதற்கு என்ன தண்டனையோ அதை எழுதிக்கொள்ளுங்கள், நான் எதையும் மறுக்கப் போவதில்லை. டேப்லெட்டையும் கொண்டு வந்திருக்கிறேன்.

அவள் போன பிறகு யோகேஷ் தோட்டத்திலிருந்து அவள் பலகையில் தினமும் எழுதுகிறேன். வந்துட்டியா என்று. பதில் இல்லை. முதலில் எனக்குப் பயமாக இருந்தது. அப்புறம்தான் உறைத்தது, அவளுடைய போன் உங்கள் அலமாரியில் அணைந்து கிடக்கிறதே, அவள் எப்படிப் பதில் எழுதுவாள்? அவன் அங்கே கேட்டுக்கொண்டே இருக்கிறான், அவளும் அங்கேதான் நிற்கிறாள், பேசத்தான் வழியில்லை. நேற்று குமரவேல் சொன்னார், நாளைக்கு ஸ்டேஷனில் தங்கச்சி போனைக் கொடுக்கிறார்கள், அதில் இருக்கும் சனியனை எல்லாம் அழித்துவிட்டு என் பெண்ணுக்குக் கொடுத்துவிடுவேன் என்று. அதனால்தான் இன்றைக்கே ஓடி வந்தேன். வந்ததிலிருந்து இதைக் கேட்கத்தான் தவித்துக்கொண்டிருக்கிறேன்.

டேப்லெட்டில் யோகேஷ் இருக்கிறான். ஒரே டப்பாவில் இரண்டு தோட்டம் நிற்காது. இதோ, இது என்னுடைய போன். இதில் என் பெயரில் புதிதாக ஒரு தோட்டம் தொடங்கி வைத்திருக்கிறேன், எதை வைத்துக்கொள்வது என்று கேட்கும்போது அது அழிந்தால் பரவாயில்லை. அவள் ஐடியும் பாஸ்வேர்டும் எனக்குத் தெரியும், நானே போட்டுக்கொள்வேன். உங்களுக்கு ஒரு நிமிஷ வேலைதான். அலமாரியிலிருந்து அவள் போனை எடுத்து ஆன் செய்யுங்கள், மேடம். இது நீங்கள்தானா என்று அது கேட்கும். ஆம் என்பதை மட்டும் தொட்டுக் கொடுங்கள்.